கார்டிஃப் உத்தமன் ஏறாத கோட்டை

டிசம்பர் பிறந்தால் உத்தமனின் இடது காலில் வலி குடிவந்துவிடும். முழங்காலுக்குக் கீழே, எலும்புக்குள் யாரோ உட்கார்ந்துகொண்டு துருப்பிடித்த போல்ட்டை ஸ்பானர் போட்டுத் திருகுகிற மாதிரி வலி. காலையில் தரையில் ஊன்றினால் ஒரு திருகு. ஷிஃப்ட் முடிந்து ஆற்றுக்காற்றில் நடந்தால் இன்னொரு திருகு. தமயந்தி வேப்பெண்ணெயைச் சுடவைத்துத் தேய்த்துவிடுவாள். தேய்க்கிற கை தேய்க்கும், திட்டுகிற வாய் திட்டும்.

கல்கத்தா கார்டன் ரீச்சில் வலி இல்லாத ஆள் கிடையாது. கப்பல் ரிப்பேர் யார்டில் இரும்புக் கயிறு இழுக்கிறவனுக்குத் தோள் போகும். துரு தட்டுகிறவனுக்குக் காது போகும். வெல்டருக்குக் கண். அதையெல்லாம் யாரும் பெரிதாகப் பேசுவதில்லை. உத்தமனுடைய வலிக்கு மட்டும் யார்டுத் தொழிலாளர்கள் குடியிருக்கிற லைனில் தனி மரியாதை இருந்தது. அது சீமை வலி. வேல்ஸ் தேசத்தில் கோட்டை மதிலிலிருந்து விழுந்து உடைந்த கால் அது என்று அங்கே தவழுகிற குழந்தைக்கும் தெரியும். 'கார்டிஃப் உத்தமன்' என்றால்தான் போஸ்ட்மேனுக்கே அடையாளம் விளங்கும்.

கோட்டை கிடையாது, மதிலும் கிடையாது. அறுபத்தொன்றில் உத்தமன் ஒரு சரக்குக் கப்பலில் கலாசியாக, கயிறு இழுக்கிற ஆளாகப் போனான். கார்டிஃபுக்குப் பக்கத்தில் பாரி என்றொரு துறைமுகம். கப்பலைக் கரையில் கட்டுகிற நேரத்தில் ஈரப் பலகையில் சறுக்கி, சரக்கு அறைக்குள் விழுந்தான். ஸ்ட்ரெச்சரில் இறக்கினார்கள். கார்டிஃப் ஆஸ்பத்திரியில் காலைக் கப்பியில் தூக்கிக் கட்டி, எதிர்ப்பக்கம் எடைக்கல் தொங்கவிட்டார்கள். ஊர்ச் சுமையையெல்லாம் கப்பியில் தூக்குகிற ரிக்கர், தானே கப்பியில் தொங்கினான். பனிக்காலம் முழுக்கக் கூரையைப் பார்த்துக்கொண்டு கிடந்துவிட்டு, ஊன்றுகோலோடு வேனில் ஏறி, வேறொரு கப்பலுக்கு மாறி ஊர் வந்து சேர்ந்தான். வேல்ஸ் மண்ணில் அவன் கால் பட்டது வேனிலிருந்து கப்பல் படிக்கட்டு வரைக்கும்தான். அதுவும் வலது கால் மட்டும்.

அவனுக்கு வேல்ஸைக் காட்டியது பக்கத்துக் கட்டில்காரர். இட்வால் என்று பெயர். நிலக்கரிச் சுரங்கத்தில் வேலை பார்த்து நெஞ்சு முழுக்கக் கரித்தூள் அடைத்துப்போன மனிதர். பேச்சுக்குப் பேச்சு மூச்சு வாங்கும். ஆனால் பேசாமல் இருக்க மாட்டார். வேல்ஸின் கடைசி ராஜகுமாரனைக் கொன்று, தலையை லண்டனுக்கு எடுத்துக்கொண்டுபோய் ஈட்டியில் குத்திவைத்த கதையைச் சொல்லும்போது, ஏதோ போன வாரம் தன் அண்ணன் மகனுக்கு நடந்த மாதிரி அழுவார். வெள்ளைக்காரனை வெள்ளைக்காரனே அடிமைப்படுத்தியிருக்கிறான் என்று உத்தமனுக்கு அன்றைக்குத்தான் தெரிந்தது. கோட்டை எப்படி இருக்கும், அருவி எங்கே விழும், எந்த மலையிலிருந்து பார்த்தால் கடல் தெரியும் என்று எல்லாவற்றையும் இட்வால் போர்வையை மடித்து மடித்துக் காட்டினார். முட்டியைத் தூக்கினால் மலை. நீட்டினால் பள்ளத்தாக்கு.

கல்கத்தா திரும்பிய அன்றைக்கு லைனே திரண்டு வந்து, "சீமை எப்படிடே இருந்துச்சு?" என்று கேட்டது. கூரையில் ஆட்டுக்குட்டி மாதிரி ஒரு விரிசல் இருந்தது என்று சொல்லவா ஒருத்தன் அத்தனை தூரம் போய்வருவது? உத்தமன் வாயைத் திறந்தான். மலை ஏறினான், அருவியில் குளித்தான், கோட்டை மதிலில் நடந்தான். கால் உடைந்ததற்குக் காரணம் வேண்டுமே, மதிலிலிருந்து விழுந்தும் வைத்தான்.

தமயந்தி கல்யாணமான முதல் மாதமே கண்டுபிடித்துவிட்டாள். "பனிக்காலம் முச்சூடும் கட்டுப் போட்டுக் கெடந்தவரு எந்தக் காலை வச்சு மலை ஏறுனீக?" என்று ஒருநாள் எண்ணெய் தேய்க்கும்போது கேட்டாள். அவன் திருதிருவென்று முழித்தான். அவள் அதற்கப்புறம் கேட்கவில்லை. யாரிடமும் சொல்லவும் இல்லை. கோபம் வந்தால் மட்டும், "ஒங்க வேல்ஸுக்கு நாந்தான சோறு போட்டு வளக்கேன்" என்பாள்.

இப்படிப் பன்னிரண்டு வருஷம் நன்றாகத்தான் போயிற்று. எழுபத்துமூன்றில் மஹாதேவன் வந்து சேர்ந்தார்.

மஹாதேவன் லேக் கார்டன்ஸில் இருக்கிற பேங்க் ஆபீசர். தமிழ்ச் சங்கத்துப் பொங்கல் மலருக்கு அவர்தான் பொறுப்பு. காலேஜ் ஸ்ட்ரீட் நடைபாதையில் பழைய யாத்திரைப் புத்தகங்களாகப் பார்த்து வாங்கி, வீட்டில் மனைவி ராஜலக்ஷ்மி நடக்க வழியில்லாமல் அடுக்கிவைத்திருப்பவர். அவர் ஒருமுறை சங்கத்து நாடகத்தில் திரை கட்ட வந்த உத்தமனிடம் வேல்ஸ் கதையைக் கேட்டார். கேட்டதும் மனுஷனுக்கு ஜுரமே வந்துவிட்டது. நாலு ஞாயிற்றுக்கிழமை கார்டன் ரீச்சுக்கு பஸ் பிடித்து வந்து, உத்தமன் சொல்லச் சொல்ல எழுதிக்கொண்டுபோனார். 'வேல்ஸ் தேசத்தில் ஒரு கலாசி' என்று தலைப்பும் வைத்துவிட்டார்.

மலரில் அதுவரைக்கும் ஆபீசர்களும் ஆபீசர் மனைவிகளும்தான் எழுதியிருக்கிறார்கள். லைனிலிருந்து ஒரு பெயர் அச்சில் ஏறியதே இல்லை. லைன் ஆட்கள் கொட்டகை போடுவார்கள், பந்தியில் பரிமாறுவார்கள், மலரை வாங்கிப் படம் பார்ப்பார்கள். இந்த வருஷம் நம்ம ஆள் எழுதுகிறான் என்றதும் லைனே நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு நடந்தது. முகம் சுளித்தது சண்முகம் ஒருத்தன்தான். உத்தமனோடு ஒரே கேங்கில் கயிறு இழுக்கிறவன், சுவருக்கு அந்தப் பக்கத்து வீட்டுக்காரன். உத்தமன் கதை சொல்லும்போதெல்லாம் எதிரே உட்கார்ந்து, "அப்படியா? பொறவு?" என்று ஒரு மாதிரியாகக் கேட்கிறவன்.

அந்தச் சண்முகம்தான் மஹாதேவனிடம் போய்ச் சொன்னான். "சார், ரிப்பேருக்கு டிரை டாக்குல ஒரு கப்பல் நிக்கி. செகண்ட் இஞ்சினீயரு வேல்ஸ்காரரு. உத்தமன் எழுதினத அவருகிட்ட ஒருக்க வாசிச்சுக் காட்டுனா நல்லதுல்லா?"

மஹாதேவனுக்கு அது தேனாக இனித்தது. போன வருஷத்து மலரில் ஒரு மேனேஜர் எழுதிய ஜெர்மனி அனுபவம் ஏதோ வாரப் பத்திரிகையிலிருந்து எடுத்தது என்று தெரிந்து, பொதுக்குழுவில் மஹாதேவனை உண்டு இல்லை என்று பண்ணிவிட்டார்கள். இந்த முறை அவர் விடுவதாக இல்லை. "திங்கக்கிழமை கார்த்தால மேட்டர் பிரஸ்ஸுக்குப் போகணும் உத்தமன். ஞாயித்துக்கிழமை உங்காத்துலயே சாப்பாடு. அவர் 'ஆமாம்'னு ஒரு வார்த்தை சொன்னா அச்சு. இல்லேன்னா இந்த வருஷம் வேண்டாம். சரித்திரம் ஓய் இது!"

உத்தமனுக்கு அந்த வேல்ஸ்காரர் இருப்பது முன்பே தெரியும். அந்தக் கப்பலின் பின்பக்கத்துச் சுழல்தண்டைக் கழற்றி ஏற்றியதே அவன் கேங்குதான். தெரிந்த நாளிலிருந்து எஞ்சின் ரூம் பக்கம் தலைவைத்துப் படுக்காமல், ஆள் மாற்றி ஆள் மாற்றி மேல்தளத்திலேயே ஒளிந்து திரிந்தான். இப்போது அந்த ஆள் வீட்டுக்கே சாப்பிட வருகிறார்.

"நாஞ் செத்தேன்" என்றான் தமயந்தியிடம்.

"மீன் வாங்கிட்டு வந்துட்டுச் சாவுங்க" என்றாள் அவள். "பெட்கி மீனு. நல்ல கண்டமாப் பாத்து."

*

ஞாயிற்றுக்கிழமை பதினோரு மணிக்கே மஹாதேவன் பையும் கண்ணாடியுமாக வந்து நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். சண்முகம் வேப்பங்குச்சியை மென்றபடி வாசலில் நின்றான். உத்தமன் மாட்டிக்கொள்வதைப் பார்க்கிற சுகத்துக்காகவே அவன் காலைத் தூக்கத்தை விட்டிருந்தான். லைனில் பாதிப் பேர் ஏதோ வேலையாக வந்தது மாதிரி வந்து சுவரோரம் ஒதுங்கியிருந்தார்கள்.

காத்திருக்கிற நேரத்தில் மஹாதேவன் பேச ஆரம்பித்தார். "எண்ணூறு வருஷத்துக்கு முன்னாடி ஒரு பாதிரியார் குதிரைமேல ஏறி வேல்ஸ் முழுக்கச் சுத்தி, லத்தீன்ல எழுதிவச்சிருக்கார். என்ன பிரமாதமா எழுதறார் தெரியுமோ! அந்த ஜனங்க பச்சைக் குச்சியால பல் தேய்ப்பாளாம். தேய்ச்சுத் தேய்ச்சு யானைத் தந்தம் மாதிரி மினுக்குமாம்."

சண்முகம் வாயிலிருந்த குச்சியை எடுத்துப் பார்த்தான். "பொறவு நம்மாளுதான்னு சொல்லுங்க."

"கேளுங்கோ. யார் வந்தாலும் கதவு திறந்திருக்கும். அங்கே பிச்சைக்காரனே கிடையாது. வர்றவன் மொதல்ல ஆயுதத்தை ஒப்படைச்சுடணும். உடனே கால் கழுவத் தண்ணி கொண்டுவருவா. இங்கேதான் சூட்சுமம். காலைக் கழுவிண்டான்னா, ராத்தங்கப் போறான்னு அர்த்தம். வேண்டாம்னுட்டா, ஏதோ ரெண்டு வாய் சாப்ட்டுட்டுக் கிளம்பறவன்."

"எண்ணூறு வருசம் ஆச்சுதே சார். இன்னுமா அப்படிச் செய்வான்?"

"நாம மாத்திண்டோமா ஓய்? இன்னும் வாசல்ல செம்புத் தண்ணி வைக்கறோமா இல்லியா?"

எல்லாரும் தலையை ஆட்டினார்கள். நம் வீட்டு வழக்கம் நிற்கும்போது அவன் வீட்டு வழக்கம் மட்டும் எங்கே போய்விடும்?

உள்ளே மீன் வறுத்துக்கொண்டிருந்த தமயந்தி காதில் இதில் ஒரு சொல்லும் விழவில்லை. எண்ணெய் அப்படிச் சடசடத்தது.

வேல்ஸ்காரர் வந்தார். எம்ரிஸ் பிரைஸ் என்று பெயர். குட்டை ஆள், காளைக் கழுத்து, சுட்ட செங்கல் நிறத்தில் முகம். முதல் நாள் சாயங்காலத்திலிருந்து எஞ்சினை ஓட்டிச் சரிபார்த்துவிட்டு, கண்ணில் பொட்டுத் தூக்கம் இல்லாமல் நேரே வந்திருந்தார். குழாயடி தண்ணீர் வழிந்து சந்து முழுக்கச் சேறு. ஷூ இரண்டும் சேற்று உருண்டையாக இருந்தன. கையில் செய்தித்தாளில் சுற்றிய ரம் பாட்டில். அதை முதல் வேலையாக உத்தமனிடம் நீட்டினார்.

"ஆயுதம் ஒப்படைச்சாச்சு" என்று மஹாதேவன் கிசுகிசுத்தார்.

தமயந்தி வழக்கம்போலப் பித்தளைச் செம்பில் தண்ணீரைக் கொண்டுவந்து வாசலில் வைத்துவிட்டு உள்ளே போனாள். எம்ரிஸ் தன் ஷூவைப் பார்த்தார். அவள் மெழுகிவிட்ட தரையைப் பார்த்தார். குனிந்து ஷூவைக் கழற்றினார், பெருவிரல் எட்டிப்பார்க்கிற சாக்ஸையும் கழற்றினார். செம்பைத் தூக்கி, முழங்காலுக்குக் கீழே தாராளமாக ஊற்றிக் கழுவிக்கொண்டு, "ஆஹா" என்றார்.

மஹாதேவன் நாற்காலியிலிருந்து எழுந்தேவிட்டார். "அலம்பிண்டுட்டார்! மனுஷன் ராத்தங்கப் போறார்!"

செய்தி அடுப்படிக்குப் போனதும் தமயந்தி கரண்டியோடு வந்தாள். "எங்கன தங்க? இருக்கது ஒத்தக் கட்டிலு. அதுலயும் ஒரு காலு செங்கல்லு!"

"விருந்தாளி காலைக் கழுவியாச்சும்மா. இனிமே போன்னு சொன்னா அவா வழக்கத்துல பெரிய அவமானம்."

அப்புறம் நடந்ததை யாரும் திட்டம் போட்டுச் செய்யவில்லை. மூன்றாவது வீட்டுப் பாப்பாக்கா, பெண் கல்யாணத்துக்கென்று பெட்டிமேல் மடித்துவைத்திருந்த மெத்தையைத் தலையில் சுமந்துகொண்டு வந்தாள். எதிர்வீட்டு வங்காளத்து அண்ணி, எல்லாருக்கும் பௌதி, கட்டிப்பிடித்துத் தூங்குகிற நீளத் தலையணையை எடுத்துவந்து, இது இல்லாமல் எந்த மனிதனுக்குத் தூக்கம் வரும் என்று வங்காள மொழியில் கேட்டாள். "ஏ சம்முகம், ஓம் வீட்டுக் கொசுவலையில ஓட்டை இல்லல்லா? எடுத்தா" என்று பாப்பாக்கா அதட்டியதில், உத்தமனைக் கவிழ்க்க வந்த சண்முகம் கொசுவலைக்கு ஆணி அடித்துக்கொண்டு நின்றான்.

பட்டப்பகலில் தன்னைத் தாண்டி மெத்தையும் தலையணையும் ஊர்வலம் போவதை எம்ரிஸ் பார்த்துக்கொண்டே இருந்தார். உத்தமனிடம் மெதுவாக, "வீட்டில் யாருக்காவது உடம்பு சரியில்லையா?" என்று கேட்டார்.

"நோ சார். ஃபார் யூ."

எம்ரிஸ் கட்டிலைப் பார்த்தார். ராத்திரி முழுக்க எண்ணெய்ப் புகையில் நின்ற மனிதன். "எனக்கா?" என்று மறுபடியும் கேட்டார். மெத்தையை ஒருதரம் கையால் அமுக்கிப் பார்த்தார்.

சாப்பாட்டில் ஒரு குறையும் இல்லை. பெட்கி மீன் குழம்பு, வறுவல், ரசம், மேலே பனிக்காலத்துப் புதுவெல்லம் போட்ட சந்தேஷ் இனிப்பு. மனிதர் கையாலேயே பிசைந்து சாப்பிட்டார். மூக்கிலும் கண்ணிலும் தண்ணீர் வழிய வழிய, இன்னும் கொஞ்சம் என்று குழம்பைக் காட்டினார். சைவரான மஹாதேவன் இரண்டு வாழைப்பழத்தோடு பக்கத்துத் திண்டாட்டத்தையெல்லாம் பார்க்காத மாதிரி இருந்தார். கையைக் கழுவி வந்ததும் அவர் பையைத் திறந்து காகிதங்களை எடுத்தார். தொண்டையைச் செருமினார். "மிஸ்டர் பிரைஸ்..."

மிஸ்டர் பிரைஸ் கொசுவலைக்குள் போய், நீளத் தலையணையைக் கட்டிக்கொண்டு குறட்டை விட்டுக்கொண்டிருந்தார்.

*

உத்தமன் கதவைச் சாத்திவிட்டுக் கட்டிலுக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தான். விருந்தாளிக்குக் காவல் என்று வெளியே சொல்லிக்கொண்டான். உள்ளே அவன் கணக்கு வேறு. சாயங்காலம் மஹாதேவனுக்கு லேக் கார்டன்ஸில் ஒரு வரவேற்பு. நாலரை பஸ்ஸுக்குக் கிளம்பியாக வேண்டும். அதுவரைக்கும் இந்த ஆள் தூங்கிவிட்டால் போதும். அச்சில் பெயர் வராது. வராவிட்டால் போகிறது, மானமாவது மிஞ்சும். முழித்துக்கொண்டார் என்றால் இரண்டாம் பாராவிலேயே குட்டு உடையும். சண்முகம் சாகிறவரைக்கும் சிரிப்பான், அவன் பிள்ளையும் சிரிப்பான். வெளியே அவன் இன்னும் நின்றுகொண்டுதான் இருந்தான். இருமுவது கேட்டது.

தாலாட்டு ஒன்றுதான் பாக்கி. அதையும் பாடியிருப்பான், குரல் சரியில்லை.

மூன்று மணி இருக்கும். சந்தில் ஒரு மிட்டாய்க்காரன் கையில் பெரிய வெண்கல மணியைத் தூக்கி, கணகணவென்று அடித்துக்கொண்டு போனான். எம்ரிஸ் புரண்டார். கண் திறக்கவில்லை. தன் பாஷையில் ஏதோ முனகினார். என்ன சொன்னார் என்று உத்தமனுக்குத் தெரியாது. ஆனால் மணிச் சத்தத்துக்குப் பின்னால் தூக்கக் கலக்கத்தில் ஒரு குரல், ஆஸ்பத்திரியில் கேட்ட, மேலே ஏறி முடிகிற அதே ராகத்தில் ஒரு கேள்வி. பன்னிரண்டு வருஷம் சுருங்கி அவன் மறுபடியும் கப்பியில் தொங்கினான். வாய் தானாகத் திறந்தது.

"நா... கஸ்குக்" என்றான்.

எம்ரிஸ் கொசுவலையோடு எழுந்து உட்கார்ந்தார். ஆணி ஒன்று பிடுங்கிக்கொண்டு வந்து விழுந்தது.

"இப்போ என்ன சொன்னே?"

உத்தமன் விழுந்த ஆணியைப் பொறுக்கினான்.

"'இல்லை, தூங்கு.' அது எங்க பாஷை. அதை யாரு உனக்குச் சொல்லிக்குடுத்தது?"

தனக்குத் தெரிந்த கப்பல் இங்கிலீஷில் உத்தமன் இட்வாலின் பழங்கதையைச் சொன்னான். குகைக்குள் ஒரு ராஜா படையோடு தூங்குகிறான். வாசலில் மணி. யாராவது தெரியாமல் மணியை இடித்துவிட்டால் படை எழுந்து, விடிந்துவிட்டதா என்று கேட்கும். இல்லை, தூங்கு என்று சொல்லிவிட வேண்டும். ஆஸ்பத்திரியில் நர்ஸ் காலை மணி அடித்ததும் பக்கத்துக் கட்டிலிலிருந்து இட்வால் அந்தக் கேள்வியைக் கேட்பார். பதிலை உத்தமனுக்குச் சொல்லிக்கொடுத்திருந்தார். தினமும் இதுதான் விளையாட்டு. மணியை இவன் சொன்னான், கட்டிலைச் சொன்னான், கட்டில் வந்ததும் கால் வந்தது, கால் வந்ததும் கோட்டை இடிந்தது. ஒளிக்க ஒன்றும் மிஞ்சவில்லை. வெளியே காகிதத்தோடு காத்திருக்கிறவரைப் பற்றியும் சொன்னான்.

எம்ரிஸ் தலையணையில் முகத்தைப் புதைத்துக்கொண்டார். முதுகு குலுங்கியது. அழுகிறாரோ என்று உத்தமன் பயந்தான். நிமிர்ந்தபோது மூக்கு நுனி வரைக்கும் சிரிப்பு.

"கேளு. நான் வடக்கே சிலேட்டுக்கல் மலைக்காரன். உன் கார்டிஃபை நான் சரியாப் பார்த்ததுகூட இல்லை. இந்தக் கல்கத்தாவுக்கு ஏழெட்டுத் தடவை வந்திருக்கேன். என்ன பார்த்தேன் தெரியுமா? டிரை டாக், கிதிர்ப்பூர்ல ஒரு பார், ஒரு பல் டாக்டர். இதை எப்படி என் அம்மாவுக்கு எழுதறது? யானைமேல ஏறி ஊர்வலம் போனேன்னு எழுதினேன். அவங்க அதைச் சர்ச்சுல வாசிச்சுட்டாங்க. எங்க ஊர்ல பேருக்குப் பஞ்சம். எல்லாரும் பிரைஸ், எல்லாரும் ஜோன்ஸ். அதனால தொழிலையோ கதையையோ பேரோட ஒட்டிடுவாங்க. இப்போ என் ஊர்ல என் பேரு என்ன தெரியுமா?"

"என்ன சார்?"

"யானை எம்ரிஸ். யானையைப் படத்துல பார்த்ததோட சரி."

உத்தமனுக்கும் சிரிப்புப் பீறிட்டது. கட்டிலின் செங்கல் கால் ஆட ஆட இரண்டு பேரும் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள்.

"சரி" என்றார் எம்ரிஸ், கையை நீட்டி. "நான் உன்னைக் கோட்டையில ஏத்திவிடறேன். நீ என்னை யானையில ஏத்திவிடணும்."

"பார்க் சர்க்கஸ் மைதானத்துல சர்க்கஸ் வந்திருக்கு சார். யானைப் பாகன் செல்வராஜ் எங்க ஊரு. கண்டிப்பா ஏத்துதேன்."

கையைக் குலுக்கிக்கொண்டார்கள்.

*

மஹாதேவன் ஒரு பாரா வாசித்து, அதை இங்கிலீஷில் சொல்லி, "இஸ் இட் ட்ரூ?" என்று கேட்பார். எம்ரிஸ் டீக் கோப்பையைக் கீழே வைத்து, நெற்றியைச் சுருக்கி யோசித்து, "உண்மை" என்பார். மலை உண்மை. அருவி உண்மை. ஒரு இடத்தில், "இவர் ரொம்பக் குறைத்துச் சொல்லியிருக்கிறார்" என்றுகூடச் சேர்த்தார். ராஜகுமாரனின் தலை வந்தபோது மட்டும் மனிதர் விளையாடவில்லை. டீ ஆறுவது தெரியாமல் கேட்டார். "இதை இங்கே, இந்தத் தெருவில் கேட்பேன் என்று நினைக்கவில்லை" என்றார். அவர் முகத்தைப் பார்த்ததும் பாப்பாக்காவுக்குக் கண்ணீரே வந்துவிட்டது, இன்னதென்று புரியாமலே.

கடைசிப் பாரா, கோட்டை மதில். சண்முகம் முன்னால் வந்தான். "சார், ஒண்ணு கேளுங்க. அம்புட்டு ஒசரத்துலேருந்து விழுந்தவன் ஒத்தக் காலு மட்டும் ஒடிஞ்சு எப்படிப் பொழைச்சான்?"

மஹாதேவன் கேட்டார். தமயந்தி அடுப்படி நிலையில் சாய்ந்துகொண்டு, முந்தானையை வாயில் வைத்திருந்தாள்.

எம்ரிஸ் சண்முகத்தை ஏற இறங்கப் பார்த்தார். "அந்த மதிலிலிருந்து நிறையப் பேர் விழுந்திருக்கிறார்கள்" என்றார். "பிழைத்தவர் இவர் ஒருவர்தான். எங்கள் பக்கத்தில் இன்னும் பேசிக்கொள்வார்கள்."

மஹாதேவன் மொழிபெயர்த்ததும் லைன் கைதட்டியது. சண்முகம் வேப்பங்குச்சியைத் தூர எறிந்தான். பிறகு உத்தமனின் தோளில் ஒரு குத்து விட்டு, "சரிதாம்டே, ஏறியிருக்க" என்றான்.

"இன்னொரு சந்தேகம்" என்றார் மஹாதேவன். கால் கழுவுகிற வழக்கத்தை விளக்கி, இன்னும் அது இருக்கிறதா என்று கேட்டார். எம்ரிஸ் அப்போதுதான் கட்டிலையும் மெத்தையையும் கொசுவலையையும் திரும்பிப் பார்த்தார். அவர் முகத்தில் விளக்கு எரிந்தது. "இருக்கிறதே" என்றார் கூசாமல். "நான் தூங்காமல் போயிருந்தால் என் அம்மா வீட்டுக்குள் விட்டிருக்க மாட்டார்."

மஹாதேவன் அதை அப்படியே குறித்துக்கொண்டார். அடிக்குறிப்பாகப் போட.

"ராத்திரி தங்கலியா?"

"பகலில் தூங்கினாலும் எங்கள் ஊரில் அது ராத்திரிக் கணக்குதான்."

அதையும் குறித்துக்கொண்டு, வரவேற்புக்கு நேரமாகிவிட்டது என்று பஸ்ஸுக்கு ஓடினார். தமயந்தி ஷூவின் சேற்றைச் சுரண்டிக் காயவைத்திருந்தாள். எம்ரிஸ் அதைப் போட்டுக்கொண்டார். உத்தமன் அவரை யார்டு கேட் வரைக்கும் கொண்டுபோய் விட்டான். கால் வலி அன்றைக்குத் தெரியவே இல்லை.

கேட்டில் வாச்மேன் சொன்னான், நாளை விடியற்காலை ஆற்றில் தண்ணீர் ஏறும்போதே கப்பலை டாக்கிலிருந்து இறக்குகிறார்களாம். எம்ரிஸ் அதைக் கேட்டு உதட்டைப் பிதுக்கினார். சர்க்கஸ் அன்றைக்கு ராத்திரி ஏழு மணிக்கு. அவர் எஞ்சின் ரூமில் ஏழு மணிக்கு இருந்தாக வேண்டும். "அடுத்த தடவை" என்றார். "அதுவரைக்கும் நான் அம்மாவுக்குப் பொய்யன்."

"அடுத்த தடவை சார். போட்டோவும் எடுத்துருவோம்."

பொங்கலுக்கு மலர் வந்தது. உத்தமன் பெயர் முழு எழுத்தில், புகைப்படத்தோடு. லைனில் வாங்காத வீடு இல்லை. சண்முகம் இரண்டு வாங்கி, ஒன்றைத் தூத்துக்குடிக்குத் தன் மாமனாருக்கு அனுப்பினான், எழுதினவன் தன் சிநேகிதன் என்று மறக்காமல் குறித்து. "இனும நான் நெசத்தச் சொன்னாலும் எவன் நம்புவான்?" என்றாள் தமயந்தி, எண்ணெயைச் சுடவைத்துக்கொண்டே.

கப்பல் அப்புறம் கல்கத்தா பக்கம் வரவில்லை. பம்பாய்க்குப் போகிறது என்றார்கள், விற்றுவிட்டார்கள் என்றார்கள். உத்தமன் டாக்குக்கு வருகிற ஒவ்வொரு வெள்ளைக்கார இஞ்சினீயரிடமும் விசாரித்துவிட்டான். டிசம்பர் பிறந்தால் கால் வலி வரும், பார்க் சர்க்கஸில் கூடாரம் எழும்பும். பாகன் செல்வராஜ், "எங்கன அண்ணாச்சி ஒங்க வெள்ளைக்காரன்?" என்று கேட்பான். வருவார் என்பான் உத்தமன். கோட்டையில் ஏறியாயிற்று, பெயர் அச்சில் வந்தாயிற்று. எம்ரிஸ் பிரைஸுக்கு ஒரு யானைச் சவாரி பாக்கி.